மனத்தில் மூடாத கணக்குகள்



இன்றைய உரையில் மனஅமைதியைப் பற்றிச் சில கருத்துகளை உங்களோடு பகிர்ந்துகொள்ள விரும்புகிறேன். மனஅமைதி என்றதும் மலைச்சாரலையும் ஆற்றங்கரையையும் தனிமையான ஓர் ஆசிரமத்தையும் நினைத்துக்கொள்ள வேண்டாம். நான் சொல்லப்போவது ஓர் அடுக்குமாடி வீட்டின் நான்காவது மாடியில் நடந்த கதை. அங்கே மின்விசிறி சுழலும் ஒரு சிறிய கூடத்தில், பாய் விரித்து உட்கார்ந்திருந்தார் ஒரு மூதாட்டி. அவர் என் பெரியம்மா. என் தாயாரின் மூத்த சகோதரி.

பெரியம்மா கோலசிலாங்கூர் வட்டாரத்தில் ஒரு ரப்பர்த் தோட்டத்தில் பால்மரம் சீவியவர். 1958ஆம் ஆண்டு, தம் பதினாறாம் வயதில் கத்தியைக் கையில் எடுத்தார். 1996ஆம் ஆண்டு தோட்டம் விற்கப்பட்டபோதுதான் அதைக் கீழே வைத்தார். விடியுமுன் எழுந்து, பெரட்டுக்குப் போய்ப் பேர் கொடுத்து, தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு, பனி சொட்டும் மரங்களுக்கிடையே நிரை நிரையாக நடந்து, 38 ஆண்டுகள் உழைத்தார். அந்த உழைப்புக்குப் பணிநிறுத்த நட்டஈடாக ஒரு தொகை கிடைத்தது. அவர் வாழ்நாளில் மொத்தமாகக் கையில் வாங்கிய பெரிய பணம் அதுதான்.

அந்தச் செய்தி தம்பியின் காதுக்கு எட்டியது. எனக்கு அவர் மாமா. பழைய லாரி ஒன்றை வாங்கிச் சொந்தமாகத் தொழில் செய்ய வேண்டும் என்பது அவருடைய நெடுநாள் ஆசை. "ஒரே வருசங்க்கா, திருப்பிக் குடுத்துடுறேன்" என்று கேட்டார். பெரியம்மா 9,000 வெள்ளியை எடுத்துக் கொடுத்தார். கூடப் பிறந்தவனிடம் எழுதி வாங்குவது முறையில்லை என்று எந்தச் சீட்டும் வாங்கவில்லை. அது 1997ஆம் ஆண்டு. அந்த ஆண்டின் நடுப்பகுதியில்தான் ஆசியப் பொருளாதார நெருக்கடி தொடங்கியது. கட்டுமான வேலைகள் நின்றன. லாரிக்குச் சவாரி இல்லை. 250 வெள்ளியாக நான்கு முறை மாமா திருப்பிக் கொடுத்தார். அதோடு நின்றது. பாக்கி 8,000 வெள்ளி. கொடுக்க முடியாதவர் முகத்தையும் காட்டவில்லை. முகத்தைக் காட்டாதவர் மீது பெரியம்மாவின் கோபம் வளர்ந்தது.

நம் நாட்டில் மளிகைக் கடைகளில் '555' என்று அட்டையில் அச்சிட்ட சிறிய கடன் புத்தகம் இருக்குமே, நேயர்களில் பலர் அதைப் பார்த்திருப்பீர்கள். அப்படி ஒரு புத்தகத்தின் முதல் பக்கத்தில் பெரியம்மா அந்தக் கணக்கை எழுதி வைத்திருந்தார். சாமி படத்துக்குப் பக்கத்தில் அந்தப் புத்தகம் இருக்கும். மாலையில் விளக்கு ஏற்றுவார். சற்று நேரத்தில் புத்தகத்தை எடுத்துவிடுவார். வந்தவர் யாராக இருந்தாலும் சரி, கதை முதலிலிருந்து தொடங்கும். கேட்க எவரும் இல்லாத நாளில் தமக்குத் தாமே சொல்லிக்கொள்வார். தம்பி மகனின் திருமணத்துக்கு அவர் போகவில்லை. அந்த மணமக்களுக்குக் குழந்தை பிறந்தபோதும் போகவில்லை. இப்படியே 12 ஆண்டுகள் ஓடின.

நாங்கள் எல்லாரும் அவருக்குச் சொன்ன அறிவுரை ஒன்றுதான். "விட்டுத் தள்ளுங்க பெரியம்மா, மறந்திடுங்க" என்போம். நானும் பலமுறை சொல்லியிருக்கிறேன். சொல்வது எவ்வளவு எளிது! அவர் ஒருநாள் என்னைத் திருப்பிக் கேட்டார்: "மறக்கணும்னு எனக்கு மட்டும் ஆசை இல்லையா அய்யா? எப்படின்னு சொல்லிக் குடேன்." எனக்குப் பதில் தெரியவில்லை. அன்று எனக்குத் தெரியாமற்போன அந்தப் பதிலைத் தேடுவதே இந்த உரையின் நோக்கம்.

நேயர்களே, முதலில் ஒன்றைத் தெளிவாகப் புரிந்துகொள்ள வேண்டும். மறக்க வேண்டும் என்று மனத்துக்குக் கட்டளையிட்டால் அது கேட்காது. இதை ஓர் எளிய சோதனை காட்டியிருக்கிறது. அமெரிக்காவில் டேனியல் வெக்னர் என்ற உளவியல் அறிஞரும் அவருடைய குழுவினரும் 1987ஆம் ஆண்டில் அதன் முடிவை வெளியிட்டார்கள். மாணவர்களைத் தனித்தனியே உட்கார வைத்து, மனத்தில் தோன்றுவதையெல்லாம் 5 நிமிடம் வாய்விட்டுச் சொல்லும்படி கேட்டார்கள். ஒரே ஒரு நிபந்தனை: வெள்ளைக் கரடியை மட்டும் நினைக்கக் கூடாது. நினைவு வந்துவிட்டால் பக்கத்தில் இருக்கும் மணியை அடிக்க வேண்டும். என்ன நடந்தது? மணி திரும்பத் திரும்ப ஒலித்தது. அதுமட்டுமன்று. அடுத்த 5 நிமிடம், "இப்போது வெள்ளைக் கரடியை நினைக்கலாம்" என்று சொன்னபோது, முதலில் அடக்கி வைத்தவர்களின் மனத்தில் அந்தக் கரடி, தொடக்கத்திலிருந்தே நினைக்க விடப்பட்டவர்களின் மனத்தில் வந்ததைவிட அதிகமாக வந்தது.

காரணம் என்ன? ஒன்றை நினைக்கக் கூடாது என்றால், அது வருகிறதா என்று மனம் காவல் காக்க வேண்டும். காவல் காக்கும்போதே அதை நினைத்துக்கொண்டுதானே இருக்கிறது? எந்தத் தொடர்பும் இல்லாத ஒரு வெள்ளைக் கரடிக்கே இந்த நிலை என்றால், உடன்பிறந்தவன் செய்த துரோகம் என்று ஒருவர் நம்புவதை "மறந்துவிடு" என்றால் எப்படி மறக்கும்? ஆகவே, விட்டுவிடுதல் வேறு, மறத்தல் வேறு. இந்த இரண்டையும் ஒன்றாக எண்ணுவதால்தான் பலர் முயன்று, தோற்று, "என்னால் முடியாது" என்று சோர்ந்துவிடுகிறார்கள்.

அப்படியானால் நினைத்துக்கொண்டே இருக்கலாமா என்று கேட்பீர்கள். அதுவும் கூடாது. 1989ஆம் ஆண்டு அக்டோபர் 17ஆம் நாள் அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலத்தில் ஒரு பெரிய நிலநடுக்கம் ஏற்பட்டது. அதற்கு ஏறக்குறைய இரண்டு வாரங்களுக்கு முன்புதான் சூசன் நோலன்-ஹோக்சிமா என்ற பேராசிரியர், ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழக மாணவர்களிடம் ஒரு வினாத்தாளைக் கொடுத்திருந்தார். மனம் வாடும் வேளைகளில் நீங்கள் என்ன செய்வீர்கள் என்பதே அதிலிருந்த கேள்விகளின் சாரம். எதிர்பாராமல் நிலநடுக்கம் வந்தது. 10 நாட்கள் கழித்தும், பிறகு 7 வாரங்கள் கழித்தும் அதே மாணவர்களின் மனநிலையை அவர் அறிந்தார். துன்பம் வந்தால் அதையே திரும்பத் திரும்ப எண்ணி, "எனக்கு ஏன் இப்படி ஆயிற்று?" என்று குமைந்துகொண்டிருக்கும் பழக்கமுடையவர்களிடம், ஏழு வாரங்களுக்குப் பின்னும் மனச்சோர்வு கூடுதலாக இருந்தது. 1991ஆம் ஆண்டில் வெளிவந்த இந்த ஆய்வு நமக்கு ஒன்றைத் தெரிவிக்கிறது. நேர்ந்த துன்பம் ஒன்று. அதை நாம் நாள்தோறும் கிளறுவது மற்றொன்று. முதலாவது நம் கையில் இல்லை. இரண்டாவதில் நமக்கும் பங்கு உண்டு.

இதைப் பெரியம்மாவின் தொழிலைக் கொண்டே விளக்கலாம். பால்மரத்தில் ஆழமாக வெட்டக் கூடாது. மெல்லிய சீவலாகப் பட்டையை மட்டும் எடுக்க வேண்டும். பட்டைக்கும் உள்ளே இருக்கும் கட்டைக்கும் நடுவில் உயிருள்ள ஒரு மெல்லிய அடுக்கு இருக்கிறது. புதிய பட்டையை வளர்ப்பது அதுதான். கத்தி தவறி அதில் பட்டுவிட்டால், அந்த இடம் கரடுமுரடாக முண்டு முண்டாகிவிடும். பிறகு அங்கே நன்றாகச் சீவ முடியாது. 1877ஆம் ஆண்டில் 22 ரப்பர்க் கன்றுகள் சிங்கப்பூருக்கு வந்தன. 1888 முதல் சிங்கப்பூர்த் தாவரத் தோட்டத்தின் தலைவராக இருந்த ஹென்றி ரிட்லி, மரத்தைச் சிதைக்காமல் பால் எடுக்கும் முறையைப் பல சோதனைகள் செய்து வகுத்தார். அந்த முறையின் சிறப்பே, மரம் ஆறுவதற்கு இடம் கொடுத்ததுதான்.

இன்னொன்றையும் பால்மரம் சீவியவர்கள் அறிவார்கள். சீவிய கோட்டில் பால் சில மணி நேரம் வடிந்து மங்கில் விழும். பிறகு அந்தப் பால் தானே உறைந்து, வடியும் வாய்களை அடைத்துக்கொள்ளும். மரம் தன் காயத்தைத் தானே மூடிக்கொள்கிறது. மறுமுறை சீவ வருபவர், உறைந்து இழையாய் ஒட்டியிருப்பதை உரித்து எடுத்துவிட்டுத்தான் மீண்டும் கத்தியை வைக்க வேண்டும். ஒரு நாள் விட்டு ஒரு நாள் சீவினால் மரம் தாங்கும். ஓய்வே கொடுக்காமல் மிகையாகச் சீவினால், பட்டை வறண்டு பால் நின்றுபோகும்.

மனமும் ஏறக்குறைய இப்படித்தான். காயம் பட்டால் ஆறுவதற்கான ஆற்றல் அதற்கு இயற்கையாகவே உண்டு. ஆனால், மாலைதோறும் 555 புத்தகத்தைத் திறந்தபோது, பெரியம்மா அந்த உறைந்த இழையை உரித்தெடுத்துக்கொண்டிருந்தார். மரத்தை மீண்டும் சீவினால் முதலாளிக்காவது வருமானம் உண்டு. மனத்தை மீண்டும் மீண்டும் சீவினால் யாருக்கு என்ன வருமானம்?

நேயர்களே, "அப்படியென்றால் விட்டுக்கொடுப்பது கோழைத்தனம் ஆகாதா? ஏமாற்றியவன் நன்றாக இருக்க, ஏமாந்தவன்தானா பொறுத்துப்போக வேண்டும்?" என்று சிலர் நினைக்கலாம். நியாயமான கேள்விதான். விடக் கூடாதவையும் உண்டு என்பதை நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். முதலாளி சம்பளம் தரவில்லையா? ஊழியர் சேமநிதிக்குச் சந்தா கட்டவில்லையா? அதை விடக் கூடாது. உரிய அலுவலகத்தில் புகார் செய்ய வேண்டும். வீட்டில் அடி உதை படுகிறீர்களா? அதைப் பொறுமை என்ற பெயரில் மூடி வைக்கக் கூடாது. நம் நாட்டில் 1994ஆம் ஆண்டிலேயே குடும்ப வன்முறைச் சட்டம் இயற்றப்பட்டிருக்கிறது. இன்றும் நடந்துகொண்டிருக்கும் தீங்கை நிறுத்துவதுதான் முதற்கடமை. நான் பேசுவது, நடந்து முடிந்து, செய்யக்கூடியதையெல்லாம் செய்து பார்த்த பிறகும் மனத்தில் மட்டும் நடந்துகொண்டே இருக்கும் வழக்கைப் பற்றி.

சட்டத்தையே பாருங்கள். தீபகற்ப மலேசியாவில், 1953ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டப்படி, பொதுவாக ஒரு கடனுக்கான வழக்கை 6 ஆண்டுகளுக்குள் தொடுக்க வேண்டும். அதற்குமேல் நீதிமன்றத்தின் கதவு மூடிவிடும். மனிதருக்குள் வரும் கொடுக்கல் வாங்கல் என்றென்றும் இழுபடக் கூடாது, அதற்கும் ஒரு முடிவு வேண்டும் என்பது அந்தச் சட்டத்தின் நோக்கங்களுள் ஒன்று. ஆனால், மனம் என்ற நீதிமன்றத்துக்குக் காலவரம்பே கிடையாது. அங்கே நாமே வாதி, நாமே சாட்சி, நாமே நீதிபதி. பிரதிவாதி மட்டும் வருவதேயில்லை. அவர் வராமலே 12 ஆண்டுகள் விசாரணை நடக்கிறது!

துறவிகளுக்குத்தான் இதெல்லாம் முடியும், பிள்ளை குட்டிகளோடு வாழ்கிற நமக்கு எப்படி முடியும் என்றும் சிலர் எண்ணுவதுண்டு. திருக்குறளின் அமைப்பை ஒருமுறை எண்ணிப் பார்க்க வேண்டுகிறேன். 'துறவு' என்ற 35ஆம் அதிகாரமும், 'அவா அறுத்தல்' என்ற 37ஆம் அதிகாரமும் துறவறவியலில் இருக்கின்றன. ஆனால், பிறர் செய்த தீங்கைப் பொறுத்தலைப் பேசும் 'பொறையுடைமை' என்ற 16ஆம் அதிகாரம் இருப்பது இல்லறவியலில்! அண்ணன் தம்பி, மாமன் மச்சான், பக்கத்து வீட்டார் என்று பலரோடு உரசி வாழ்கிறவனுக்குத்தான் இந்தப் பண்பு நாள்தோறும் தேவைப்படுகிறது. காட்டுக்குப் போனவனுக்கு யார் 8,000 வெள்ளி தர வேண்டியிருக்கிறது?

இனி, பெரியம்மாவின் கதைக்குத் திரும்புவோம்.

2009ஆம் ஆண்டு, பள்ளி விடுமுறையில் அவருடைய பேத்தி வந்து தங்கியிருந்தாள். ஐந்தாம் ஆண்டு படித்துக்கொண்டிருந்த பிள்ளை. வழக்கம்போல ஒரு மாலையில் புத்தகம் வெளியே வந்தது. கதையை முழுவதும் கேட்டுவிட்டு அந்தப் பிள்ளை கேட்டாள்:

"பாட்டி, அந்தக் காசு இப்ப வந்துட்டா நீங்க என்ன வாங்குவீங்க?"

பெரியம்மா பேசாமல் இருந்தார். நானும் அங்கே இருந்தேன். வெகுநேரம் கழித்துச் சொன்னார்: "வாங்கறதுக்கு ஒண்ணும் இல்லம்மா. 'தப்புப் பண்ணிட்டேங்க்கா'ன்னு அவன் ஒரு வார்த்தை சொல்லியிருக்கணும். அதான்."

அன்றுதான் எங்கள் எல்லாருக்கும் புரிந்தது. 12 ஆண்டுகளாகப் புத்தகத்தில் இருந்தது ஒரு கணக்கு. மனத்தில் இருந்தது வேறு கணக்கு. புத்தகத்தில் பணம் எழுதியிருந்தது. மனத்திலோ, 38 ஆண்டு உழைப்பைத் தூக்கிக் கொடுத்த ஓர் அக்காளைத் தம்பி மதிக்கவில்லையே என்ற வேதனை எழுதியிருந்தது. எதை விட வேண்டும் என்று தெரியாதவரை எதையும் விட முடியாது அல்லவா? ஆகவே, முதற்படி இதுதான்: உங்கள் மனத்தை உறுத்துவது உண்மையில் எது என்று கண்டுபிடியுங்கள். பணமா, சொல்லா, அவமானமா, பயமா? அதற்குச் சரியான பெயரை வையுங்கள்.

இரண்டாம் படியை அவரே கண்டுபிடித்தார். பேத்தியின் பென்சிலை வாங்கி, அந்த 555 புத்தகத்தின் வெற்றுப் பக்கங்களில் எழுதத் தொடங்கினார். தோட்டப் பள்ளியில் மூன்றாண்டு படித்த எழுத்து. தம்பி சிறுவனாக இருந்தபோது அவனை இடுப்பில் சுமந்தது, தாம் பள்ளியை நிறுத்திவிட்டு ஆயக்கொட்டகையில் குழந்தைகளைப் பார்த்துக்கொண்டது, பணம் கொடுத்த நாள், வராத நாட்கள் என்று நாலைந்து மாலைகள் எழுதினார். இடையில் அழுததும் உண்டு. நாங்கள் தடுக்கவில்லை.

இதற்கு ஆதரவான ஓர் ஆய்வு இருப்பதை நான் பிற்காலத்தில் அறிந்தேன். ஜேம்ஸ் பென்னிபேக்கர் என்ற உளவியலாளரும் அவருடைய மாணவியும் 1986ஆம் ஆண்டில் வெளியிட்டது அது. கல்லூரி மாணவர்களைத் தொடர்ந்து நான்கு நாட்கள், நாளுக்கு 15 நிமிடம் எழுதச் சொன்னார்கள். தம்மை ஆழமாகப் பாதித்த நிகழ்ச்சியை, நடந்ததையும் அப்போது உணர்ந்ததையும் சேர்த்து எழுதியவர்கள், எழுதி முடித்தவுடன் சற்றுத் துயரமாகத்தான் இருந்தார்கள். ஆனால், அடுத்த சில மாதங்களில் அவர்கள் மருத்துவ நிலையத்துக்குப் போனது மற்றவர்களைவிடக் குறைவாக இருந்தது. வாயால் ஒரே கதையைச் சுற்றிச் சுற்றிச் சொல்லும்போது அது முடிவதில்லை. எழுதும்போதோ அதற்கு ஒரு தொடக்கமும் நடுவும் முடிவும் வந்துவிடுகின்றன. அது கிளறுவது ஆகாது; கோவைப்படுத்துவது. எல்லாருக்கும் இது ஒரே அளவில் பயன் தரும் என்று சொல்ல முடியாது. ஆனாலும், ஒரு பென்சிலும் நான்கு மாலைகளும் போதும் என்பதால் முயன்று பார்க்கலாம்.

மூன்றாம் படி, ஒரு செயலால் முடித்தல். எழுதி முடித்த நாளன்று பெரியம்மா முதல் பக்கத்தைத் திருப்பி, 8,000 வெள்ளி என்றிருந்த இடத்தின் குறுக்கே ஒரு கோடு போட்டார். பிறகு என்னைக் கூப்பிட்டார். "மாமாகிட்ட போய்ச் சொல்லு அய்யா. அந்தக் காசை நான் இனிமே கேட்கமாட்டேன். அவனைக் கூப்பிடவும் இல்லை, வரவேணாம்னும் சொல்லலை. அவ்வளவுதான்."

நான் போய்ச் சொன்னேன். மாமா தலையைக் குனிந்துகொண்டார். ஒன்றும் சொல்லவில்லை. நன்றி என்றுகூடச் சொல்லவில்லை. எனக்குக் கோபமாக இருந்தது. திரும்பி வந்து நடந்ததைச் சொன்னபோது, பெரியம்மா கேட்டுவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டார். அன்று மாலை புத்தகம் வெளியே வரவில்லை.

நேயர்களே, இங்கேதான் நாம் கற்க வேண்டிய பாடம் இருக்கிறது. தம்பி மன்னிப்புக் கேட்ட பிறகு அவருக்கு அமைதி வரவில்லை. கேட்காதபோதே வந்தது. தம் அமைதியின் சாவியைத் தம்பியின் கையில் கொடுத்துவிட்டுத்தான் 12 ஆண்டுகள் வாசலில் காத்திருந்தார். அந்தச் சாவியை அவர் திரும்ப எடுத்துக்கொண்டார். விட்டுவிடுதல் என்பதன் பொருள் இதுவே. நடந்தது சரி என்று சொல்வது அன்று. நடக்கவில்லை என்று நடிப்பதும் அன்று. கடந்த காலம் இனி எதைத் தர முடியாதோ, அதை அதனிடம் கேட்பதை நிறுத்திக்கொள்வது.

ஆனால், ஒரே நாளில் எல்லாம் முடிந்துவிட்டது என்று நினைத்துவிடாதீர்கள். சில மாலைகளில் அந்தக் கதை தானாகவே அவர் வாயில் வரும். இரண்டு வாக்கியம் சொல்வார்; பிறகு, "சரி, அது மூடின கணக்கு" என்று தமக்கே சொல்லிக்கொண்டு வேறு வேலைக்குப் போவார். இது நான்காம் படி. நினைவு வந்தால் அதனோடு சண்டை போடாதீர்கள். வெள்ளைக் கரடியை மறந்துவிட வேண்டாம்! வந்ததா, வந்தது என்று அறிந்து, மூச்சைச் சற்று நிதானமாக்குங்கள். நான்கு எண்ணும் வரை உள்ளே இழுத்து, ஆறு எண்ணும் வரை வெளியே விடுங்கள். நிமிடத்துக்கு ஆறு மூச்சு என்ற கணக்கு வரும். மூச்சை வெளியே விடும்போது இதயத்துடிப்பு சற்று மெதுவாவது உடலின் இயல்பு. சில நிமிடங்களில் உடல் தளரும். மனமும் உடன் தளரும். பிறகு கைக்கு ஒரு வேலை கொடுங்கள். பெரியம்மா மாடி நடைவழியில் தொட்டிகளை வைத்துக் கறிவேப்பிலையும் மிளகாயும் வளர்த்தார். பக்கத்து வீட்டுப் பிள்ளைகளைப் பள்ளி விட்டு வந்ததும் பார்த்துக்கொண்டார். காலியான இடத்தைக் காலியாகவே விட்டால் பழைய குடித்தனமே திரும்பி வந்துவிடும்.

ஒருவேளை உங்களுடைய துயரம் இவற்றுக்கெல்லாம் அடங்காததாக இருக்கலாம். இரண்டு வாரங்களுக்கு மேலாகத் தூக்கம் இல்லை, உணவு செல்லவில்லை, வாழ்வதில் பொருளில்லை என்று தோன்றுகிறது என்றால், அதைத் தனியே சுமக்காதீர்கள். மருத்துவரிடம் போவதில் வெட்கம் எதுவும் இல்லை. மனம் விட்டுப் பேசக் காது கொடுப்பதற்கென்றே, பிஃப்ரெண்டர்ஸ் என்ற தொண்டு அமைப்பு 1970ஆம் ஆண்டு முதல் கோலாலம்பூரில் இயங்கி வருகிறது. காய்ச்சலுக்கு மருந்து தேடுகிற நாம், மனத்தின் காய்ச்சலுக்கு மட்டும் ஏன் தேடக் கூடாது?

மாமா வந்தாரா என்று கேட்பீர்கள். எட்டு மாதங்கள் கழித்து, 2010ஆம் ஆண்டில் ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்தார். நான்கு மாடி ஏறி வந்து, மூச்சு வாங்கி, கதவருகே நின்று, "அக்கா, தேத்தண்ணி இருக்கா?" என்று கேட்டார். பெரியம்மா அவரை ஒரு முறை பார்த்தார். "உக்காரு" என்றார். தேநீர் போட்டுக் கொடுத்தார். பணத்தைப் பற்றி இருவரும் பேசவில்லை. தோட்டத்தில் இருந்த கிணற்றைப் பற்றியும், இறந்துபோன சிலரைப் பற்றியும் பேசிக்கொண்டிருந்தார்கள். மாலையில் மாமா கிளம்பிப் போனார். அதன்பின் மாதத்துக்கு ஒரு முறையாவது வந்துகொண்டிருந்தார்.

ஒருநாள் நான் பெரியம்மாவைக் கேட்டேன்: "கடைசிவரைக்கும் மாமா அந்த ஒரு வார்த்தையைச் சொல்லவே இல்லையே?"

"சொல்லியிருந்தா நல்லாத்தான் இருந்திருக்கும்" என்றார் அவர். "சொல்லலை. அதுக்காக இன்னொரு பன்னிரண்டு வருசம் உக்காந்திருக்க முடியுமா, அய்யா? எனக்கென்ன அவ்வளவு வயசா பாக்கி இருக்கு?"

2018ஆம் ஆண்டு பெரியம்மா காலமானார். அந்தத் தோட்டம் இருந்த இடத்தில் இன்று வீடுகள் வரிசையாக நிற்கின்றன. அவர் சீவிய மரங்களில் ஒன்றும் இல்லை. அவருடைய பொருள்களை ஒழுங்குபடுத்தியபோது அந்த 555 புத்தகம் கிடைத்தது. முதல் பக்கத்தில் குறுக்கே போட்ட கோடு அப்படியே இருந்தது. கடைசிப் பக்கங்களில் புதிய கணக்குகள் இருந்தன. பக்கத்து வீட்டுப் பிள்ளைகளுக்கு வாங்கிக் கொடுத்த தின்பண்டங்களின் கணக்கு அது. யாரிடமும் கேட்பதற்காக எழுதிய கணக்கு அன்று. பழக்கத்தால் எழுதி வைத்திருந்தார்.

அன்புள்ள நேயர்களே, நம் ஒவ்வொருவரிடமும் இப்படி ஒரு புத்தகம் இருக்கிறது. சிலர் அதில் உடன்பிறந்தார் பெயரை எழுதியிருப்பார்கள். சிலர் மேலதிகாரியின் பெயரை. சிலர் சொல்பேச்சுக் கேளாத பிள்ளையின் பெயரை. சிலர் தங்கள் பெயரையே எழுதி, தங்களையே மன்னிக்காமல் இருப்பார்கள். இன்றிரவு அந்தப் புத்தகத்தை ஒருமுறை திறந்து பாருங்கள். வசூலிக்க வேண்டியது உண்மையிலேயே இருந்தால், நாளையே முறைப்படி கேளுங்கள். வசூலாகாது என்று தெரிந்தால், ஒரு கோடு போடுங்கள். கோடு போடும் கை சற்று நடுங்கலாம். அதனால் பிழையில்லை.